மூன்றாம் பாத்திஹாவுக்கு வந்த இருவர்

என் தாய்மாமா திண்டுக்கல்லில் தோல் வியாபாரம் செய்துவந்தார். ஒரு நாள் ஒட்டன்சத்திரத்துக்கு ஸ்கூட்டரில் போனவர், கேரளாவுக்குக் காய்கறி ஏற்றிப்போன லாரி மோதி அந்த இடத்திலேயே இறந்துபோனார். அவருடைய மௌத்துக்கு வந்த கூட்டத்தில் எங்களுக்குத் தெரியாத இரண்டு பேர் இருந்தார்கள்.

ஒருவர் வெள்ளைச் சட்டை, வெள்ளைத் தொப்பி. பிணவறை வாசலில் என் தோளைப் பிடித்துக்கொண்டு அவர் அழுத அழுகையில் நான் என் அழுகையை நிறுத்திவிட்டு அவரைத் தேற்ற வேண்டியதாயிற்று. மாமி வழிச் சொந்தம் என்று நினைத்தேன். மாமியின் அண்ணன்மாரோ அவரை எங்கள் வழிச் சொந்தம் என்று நினைத்திருக்கிறார்கள். ஜனாஸாவைத் தூக்கியபோது முதல் ஆளாகத் தோள் கொடுத்தவர் அவர்தான்.

இன்னொருவர் பழனிப் பக்கத்துக்காரர். நெற்றியில் திருநீறு, தோளில் துண்டு, கையில் ஒரு பை நிறைய ஆயக்குடி கொய்யா. வருகிறவர் போகிறவரிடமெல்லாம், "தங்கமான மனுசனுங்க" என்றார். மாமாவோடு வியாபாரம் பண்ணியவராக இருக்கும் என்று நாற்காலி போட்டு உட்காரவைத்தோம்.

மாமாவுக்காகப் பாத்திஹா ஓதிய மூன்றாம் நாளும் இருவரும் வந்தார்கள். தொப்பிக்காரர் பந்தலில் எல்லோருக்கும் தண்ணீர் கொடுத்தார். கொய்யாக்காரர் வாசலில் குவிந்து கிடந்த செருப்புகளை ஜோடி சேர்த்தார். அந்த நேரம் என் சொந்த அண்ணன் செல்போனில் கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்தான்.

சாப்பாட்டுக்கு முன் இருவரும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். நான் பின்னால் நின்று தட்டு துடைத்துக்கொண்டிருந்தேன்.

"அண்ணே, போனவரு போயிட்டாரு," என்று தொப்பிக்காரர் ஆரம்பித்தார். "இனிமே அந்தப் பிள்ளைக கதியப் பாக்கணும்ல?"

"அதையேதானுங்க பாய் நானும் சொல்லலாம்னு இருந்தனுங்க. லாரிக்கு இன்சூரன்ஸ் இருக்குதுங்க. கேஸ் போட்டா குடும்பத்துக்கு நல்ல தொகை வருமுங்க."

"நீங்க அவருக்கு வியாபாரக் கூட்டாளி. நீங்க ஒரு வார்த்தை சொன்னா அந்தம்மா தட்ட மாட்டாக."

"அட, நீங்க சொந்தக்காரருங்க. நீங்க சொன்னாத்தானுங்க எடுபடும்."

இப்படி ஒருவரை ஒருவர் உசத்திக்கொண்டே போய், கடைசியில் இருவரும் ஒரே நேரத்தில் சட்டைப்பையில் கைவிட்டு ஆளுக்கொரு வக்காலத்துத் தாளை எடுத்து நீட்டினார்கள். இருவரும் அடுத்தவர் கையிலிருந்த தாளை எட்டிப் பார்த்தார்கள்.

"அப்ப நீங்க கூட்டாளி இல்லையா?"

"நீங்க சொந்தம் இல்லீங்களா?"

விபத்து கேஸ் பிடித்துக் கொடுக்கும் புரோக்கர்கள் இருவரும். யார் முதலில் வந்தது என்று சண்டை தொடங்கியது. "நான் பொணவறையிலேயே வந்துட்டேன்!" என்றார் ஒருவர். "நான் போலீஸ் ஸ்டேசன்லயே வந்துட்டனுங்க!" என்றார் மற்றவர்.

மாமி அப்போது இத்தாவில் இருந்தார். கணவனை இழந்த பெண் நாலு மாதத்துக்கு மேல் அயல் ஆண்கள் முன்னால் வராமல் இருக்கிற காலம் அது. உள்ளறைத் திரைக்குப் பின்னாலிருந்து அவர் குரல் மட்டும் வந்தது.

"தம்பி, அந்த ரெண்டு பேரையும் சாப்பிட வச்சு அனுப்பு. நம்ம வீட்டு ஆளுகளவிடக் கூடுதலா வேலை பாத்துருக்காக. கேஸ மட்டும் குடுக்க மாட்டேன்னு சொல்லிரு."

பந்தலே சிரித்துவிட்டது. அவர்கள் இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து, ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் பிரியாணி சாப்பிட்டார்கள். கொய்யாக்காரருக்குக் கோபம் இருந்தாலும் தால்சாவை மட்டும் திரும்பத் திரும்பக் கேட்டு வாங்கினார்.

இத்தா முடிந்ததும் எங்கள் தெருவிலேயே இருந்த ஒரு பெண் வக்கீலிடம் மாமி வழக்கைக் கொடுத்தார். விசாரணைக்கு வந்த நாளில் நான்தான் கூடப் போனேன். மாமா வேகமாக வந்து லாரியில் மோதினார் என்று சொல்லவைக்க இன்சூரன்ஸ் தரப்பு வக்கீல் பார்த்தார்.

"உங்க வீட்டுக்காரர் வண்டியை வேகமா ஓட்டுறவர்தானேம்மா?"

"அவரா? அவரு பின்னால உக்காந்து நிக்காஹ்வுக்குக் கிளம்பினா, மறுநாள் வலீமா விருந்துக்குத்தாங்க போய்ச் சேருவோம்."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அந்த வக்கீல் அதற்குமேல் வேகத்தைப் பற்றிக் கேட்கவில்லை.

இரண்டு வருடம் இழுத்து ஒரு வழியாகத் தீர்ப்பு வந்தது. நல்ல தொகைதான் என்றார் எங்கள் வக்கீல். மாமிக்கு அது கூடுதலா குறைவா என்று தெரியவில்லை. கோர்ட் வராண்டாவில் நின்று அவரிடம் கேட்டார்.

"ஏம்மா, ஒரு ஆளுக்கு இம்புட்டுன்னு எப்படிக் கணக்குப் போடுறாக?"

"வயசு, சம்பாத்தியம், அவரை நம்பி எத்தனை பேர் இருக்காங்க, இதெல்லாம் பாப்பாங்க மாமி."

மாமி கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு ரொம்ப வெள்ளந்தியாக, "அப்ப உன் வீட்டுக்காரருக்கு எம்புட்டும்மா வரும்?" என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. வக்கீல் கோபித்துக்கொள்ளவில்லை. உண்மையாகவே கணக்குப் போட்டுப் பார்த்தவர் மாதிரி உதட்டைப் பிதுக்கினார்.

"அவரு வேலைய விட்டுட்டு வீட்டுலதான் உக்காந்திருக்காரு மாமி. பெருசா ஒண்ணும் தேறாது."

மாமி சிரித்தார். நிறுத்த முடியாமல் சிரித்தார். அப்புறம் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அங்கிருந்த பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். வக்கீல் அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். நான் மூன்று பேருக்கும் டீ வாங்கப் போனேன்.