சாவு அலமாரிக்காரி

கல்யாணமான புதிதில் அவள் கொண்டுவந்த பெட்டிகளில் ஒன்றைத் தூக்கப் பார்த்துவிட்டு, "இதுல என்ன, செங்கல்லா?" என்று கேட்டான் அவள் கணவன். திறந்தால் உள்ளே அத்தனையும் கொலைக்கதைகள். அட்டைக்கு அட்டை கத்தி, கையுறை, கவிழ்ந்து கிடக்கும் கோப்பை. பின்னால் அந்தக் கூட்டத்தோடு வேறு சிலவும் வந்து சேர்ந்தன. பிரேதப் பரிசோதனை டாக்டர் ஒருவரின் அனுபவங்கள், பழைய கல்லறைகளைப் பற்றிய படப்புத்தகம், எந்தெந்த நாட்டில் எப்படித் துக்கம் காக்கிறார்கள் என்று விளக்கும் தலையணை கனத்தில் ஒரு புத்தகம். கூடத்தில் டிவிக்குப் பக்கத்தில் நின்ற அந்த அலமாரிக்கு அவன் 'சாவு அலமாரி' என்று பெயர் வைத்தான். வீட்டுக்கு யார் வந்தாலும், "என் பொண்டாட்டி ரொம்ப சாதுங்க. தினம் ஒரு பொணத்தைப் பார்க்காம மட்டும் தூங்க மாட்டா" என்பான். அவளும் சிரித்துக்கொள்வாள்.

மருந்துக்கடையில் அவளுக்கு வேலை. காலையிலிருந்து கவுண்ட்டரில் நின்றபடி டாக்டர்களின் கிறுக்கலைப் படித்து, மாத்திரை அட்டைகளைக் கத்தரித்து, எதைச் சாப்பாட்டுக்கு முன் எதைப் பின் என்று உறையில் எழுதிக் கொடுப்பாள். நாள் முழுக்க நோயாளிகளைப் பார்த்துவிட்டு வீட்டிலும் சாவுக்கதையா என்று கேட்டால் அவள் சொல்லும் பதில் இதுதான்: "நிஜத்துல ஆளுங்க செத்தா யாரும் பதில் சொல்றதில்ல. கதையில கடைசிப் பக்கத்துக்குள்ள ஒருத்தர் பதில் சொல்லியே ஆகணும். அது எனக்குப் பிடிச்சிருக்கு."

குழந்தைகள் இல்லை. இரண்டு பேருக்கும் அது பழகிப்போயிருந்தது. ஒருநாள் சாயங்காலம் வழக்கத்தைவிடத் தாமதமாக வீடு திரும்பிய கணவன், பசிக்கவில்லை என்று சொல்லி, அவள் ஆற்றிக் கொடுத்த பாலை மட்டும் குடித்துவிட்டுப் படுத்தான். விடியும்போது உடம்பு குளிர்ந்திருந்தது. வந்து பார்த்த டாக்டர் மாரடைப்பு என்று எழுதிக் கொடுத்தார்.

சாவு வீட்டை எடுத்து நடத்தியவர் கணவனின் அண்ணன். டைல்ஸ் கடை வைத்திருப்பவர், குரல் பெரிது, நாலு பேர் கூடும் இடத்தில் அவர் பேச்சுத்தான் எடுபடும். எல்லாம் முடிந்த மறுநாள், துக்கம் கேட்க வந்தவர்கள் கூடம் கொள்ளாமல் உட்கார்ந்திருந்தபோது, அவர் எழுந்து அந்த அலமாரியின் பக்கம் போனார். ஒரு புத்தகத்தை உருவினார். நடுவில் ஒரு பக்கம் மூலை மடிந்திருந்தது. அதை உரக்கவே படித்தார்.

"கேளுங்க இதை. 'பாலில் கலந்துவிட்டால் நிறமும் தெரியாது, மணமும் தெரியாது.' இப்படி எழுதியிருக்கு. இந்த மாதிரிப் புத்தகத்துக்கு நடுவுலதான் என் தம்பி குடும்பம் நடத்தியிருக்கான்."

யாரோ ஒரு பெரியவர், "என்னப்பா சொல்ல வர்றே?" என்றார்.

"நான் ஒண்ணும் சொல்லல. ராத்திரி பாலைக் குடிச்சிட்டுப் படுத்தவன் காலையில எந்திரிக்கல. இவளுக்கு மருந்துக்கடையில வேலை. அவ்வளவுதான். நான் ஒண்ணும் சொல்லல."

உள் அறையில் தரையில் உட்கார்ந்திருந்த அவளுக்கு ஒவ்வொரு சொல்லும் கேட்டது. எழுந்து வந்து ஏதாவது சொல்லியிருக்கலாம். எழுந்திருக்கவில்லை.

அவர் ஒன்றும் சொல்லாமலேயே சேதி தெருத்தெருவாகப் போயிற்று. அதற்குப் பிறகு வீட்டுக்கு வந்த பெண்கள் அவள் கொடுத்த டீயைக் கையில் வாங்கிக்கொண்டு, ஆறும்வரை பேசிவிட்டு, அப்படியே வைத்துவிட்டுப் போனார்கள். கடையில், வருஷக்கணக்காக அவளிடமே சர்க்கரை மாத்திரை வாங்கும் ஓய்வுபெற்ற வாத்தியார், "நீ வேணாம்மா, வேற யாராவது எடுத்துக் கொடுக்கட்டும்" என்றார். முதலாளி நல்லவர்தான். ஆனால் நல்லவர்களுக்கும் வியாபாரம் இருக்கிறது. "கொஞ்ச நாளைக்கு உள்ள ஸ்டாக்கைப் பார்த்துக்கோம்மா. ஊர் வாய் அடங்கட்டும்" என்று அவளைப் பின்னறைக்கு அனுப்பினார். ஜன்னல் இல்லாத அறை. அட்டைப்பெட்டிகளுக்கு நடுவே உட்கார்ந்து, காலாவதியான மருந்துகளைப் பிரித்துக் கட்டும் வேலை.

துக்கத்தைப் பற்றிய அந்தத் தடிப்புத்தகத்தை அவள் அந்த நாட்களில் முதலிலிருந்து படித்தாள். ஓரிடத்தில் கண்ணாடிகளைத் துணிபோட்டு மூடுகிறார்கள். ஓரிடத்தில் கறுப்பு உடுத்துகிறார்கள், இன்னோரிடத்தில் வெள்ளை. சட்டையைக் கிழித்துக்கொள்கிறவர்கள்கூட உண்டு. எப்படி அழுவது, எத்தனை காலம் அழுவது, எல்லாவற்றுக்கும் ஒரு முறை இருந்தது. புருஷனைப் பறிகொடுத்தவளைக் கொலைகாரி என்று சொன்னவனை என்ன செய்வது என்று மட்டும் எந்தப் பக்கத்திலும் இல்லை. புத்தகத்தை மூடி வைத்தாள். அது நமக்கே தெரியும் என்று நினைத்துக்கொண்டாள்.

மறுநாள் சாயங்காலம் பிளாஸ்க் நிறைய டீ போட்டு எடுத்துக்கொண்டு டைல்ஸ் கடைக்குப் போனாள்.

"வாம்மா" என்று சொல்லவும் வரவில்லை அவருக்கு. கடையில் நாலைந்து பேர் தரைக்கு எந்த நிறம் பொருந்தும் என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவள் அவர்கள் எதிரிலேயே கோப்பையில் ஊற்றி, அவர் மேஜைமேல் வைத்தாள்.

"குடிங்க, அத்தான். நாள் பூரா கத்திக் கத்தித் தொண்டை காஞ்சிருக்கும்."

"அப்புறம் குடிக்கறேம்மா."

"ஆறிடும். சூடா குடிச்சாத்தான் மணம் தெரியும்."

மணம் என்று அவள் சொன்னதும் அவர் முகம் போன போக்கு அவளுக்கு அன்று பூராவும் போதுமானதாக இருந்தது. வேண்டாம் என்று சொன்னால் ஏன் என்று யாராவது கேட்பார்கள். குடிக்கவோ தைரியம் இல்லை. கோப்பையோடு எழுந்து உள்பக்கம் போனவர், அவசரத்தில், விற்பனைக்கு வைத்திருந்த புது வாஷ்பேசின் ஒன்றில் டீயைக் கொட்டினார். அதற்குக் கீழே குழாய் ஏது? டீ நேராக அவர் செருப்பில் வந்து விழுந்தது. வாடிக்கையாளர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"கை தவறிடுச்சா? பரவாயில்ல, இன்னும் இருக்கு" என்றாள் அவள்.

அதற்குப் பிறகு நினைத்தபோதெல்லாம் போனாள். என்றைக்கு வருவாள் என்று தெரியாததுதான் அவரை அதிகமாக வதைத்தது. அவள் பிளாஸ்க்கைக் கண்டால் கல்லாவை விட்டுவிட்டுக் கிடங்குக்குள் ஒளிந்தார். வேலையாட்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். பின்னறையில் அட்டைப்பெட்டி கட்டும்போதும் அந்தச் செருப்பையும் டீயையும் நினைத்து அவள் தனக்குள் சிரித்தாள். அழுகை வரவேண்டிய இடத்திலெல்லாம் அந்தச் சிரிப்பு வந்து உட்கார்ந்திருந்தது.

மாதங்கள் போனபின் ஒரு மத்தியானம் டைல்ஸ்காரரின் மனைவி அவள் வீட்டுக்கு வந்தாள். ஓரகத்திகள் இருவரும் ஒருவரோடொருவர் அதிகம் பேசிக்கொண்டவர்கள் இல்லை.

"போதும்மா, விட்டுடு" என்றாள் ஓரகத்தி. "இப்ப நான் சமைச்சதைக்கூட முதல்ல என்னைத் தின்னச் சொல்றாரு. அப்படி ஆயிட்டாரு."

"நான் என்னக்கா பண்ணேன்? டீ குடுத்தேன்."

"உன் வயிறு எரியறது எனக்குத் தெரியும். ஆனா அவரும் மனசறிஞ்சு பேசலம்மா. பயம். அன்னைக்குச் சாயங்காலம் தம்பி நேரா கடைக்குத்தான் வந்திருக்காரு, நெஞ்சைப் பிடிச்சிக்கிட்டு. இவருதான் வாயுப்பிடிப்பா இருக்கும்னு ஒரு சோடாவை வாங்கிக் குடுத்து..." ஓரகத்தி அங்கேயே நிறுத்திக்கொண்டாள். சொல்லக்கூடாததைச் சொல்லிவிட்டோம் என்று முகத்திலேயே தெரிந்தது.

"குடுத்து?"

"வீட்டுக்குப் போன்னு சொல்லியிருக்காரு."

"ஆஸ்பத்திரிக்குப் போகச் சொல்லல. சரி. எங்கிட்ட ஏன் என் புருஷன் வாயைத் திறக்கல? அத்தான் வேற என்ன சொல்லி அனுப்பினாரு? முழுசாச் சொல்லுங்கக்கா."

ஓரகத்தி முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டாள். "அவகிட்டச் சொல்லாதடா, அவ கண்ட புத்தகத்தையும் படிச்சிட்டு எதைப் பார்த்தாலும் சாவுன்னு குதிப்பா, ஊரைக் கூட்டிடுவான்னு சொன்னாராம்."

நெஞ்சுவலி என்று ஒரு வார்த்தை அவள் காதில் விழுந்திருந்தால், என்ன மாத்திரையை நாக்குக்கு அடியில் வைப்பது, எந்த ஆஸ்பத்திரிக்கு ஓடுவது என்று கண்ணை மூடிக்கொண்டு செய்திருப்பாள். தினமும் முன்பின் தெரியாதவர்களுக்குச் சொல்வதுதானே. அவள் படிப்பைக் காட்டியே அண்ணன் அவன் வாயை அடைத்திருக்கிறார். பிறகு அதே படிப்பைக் காட்டியே பழியையும் அவள் தலையில் கட்டியிருக்கிறார்.

"போயிட்டு வாங்கக்கா. இனிமே கடைக்கு டீ கொண்டுவர மாட்டேன்" என்றாள். ஓரகத்தி நிம்மதியாகப் போனாள்.

முதலாம் ஆண்டு நினைவு நாளை டைல்ஸ்காரர் தன் வீட்டில் வைத்தார். தம்பியின் படத்தைப் பெரிதாக்கிச் சுவரில் மாட்டியிருந்தார். உறவு, தெரு, மருந்துக்கடை முதலாளி, வாத்தியார், எல்லாரும் கூடத்தில் இருந்தார்கள். அவள் நேராகச் சமையலறைக்குப் போய் எல்லாருக்கும் டீ போட்டாள். தட்டில் வைத்து ஒவ்வொருவர் முன்னாலும் நீட்டினாள். எடுத்தவர்கள் கையிலேயே வைத்திருந்தார்கள். டைல்ஸ்காரரின் மகள் மட்டும், சித்தி கொடுத்த டீதானே என்று கோப்பையை வாய்க்குக் கொண்டுபோனாள்.

"குடிக்காத!" என்று அலறினார் அவர்.

மகள் கோப்பையைக் கீழே இறக்கினாள்.

"ஏன் குடிக்கக் கூடாது, அத்தான்?"

"நான்... நான் ஒண்ணும் சொல்லல."

"ஆமா, நீங்க எப்பவுமே ஒண்ணும் சொன்னதில்ல. இப்ப நான் கேக்கறதுக்கு மட்டும் சொல்லுங்க. அவர் செத்ததுக்கு முந்தின சாயங்காலம் எங்க இருந்தாரு?"

அவர் மனைவியைப் பார்த்தார். மனைவி தரையைப் பார்த்தாள்.

"கடைக்கு வந்தான்."

"எப்படி வந்தாரு?"

"நெஞ்சு வலிக்குதுன்னான். வாயுன்னு நினைச்சேன்."

"என்ன குடிச்சாரு?"

"சோடா."

"யாரு வாங்கிக் குடுத்தது?"

"நான்தான்."

"மூடியை யாரு திறந்தது?"

"நான்தான்..."

"அப்ப அந்தச் சோடாவுல என்ன கலந்தீங்க, அத்தான்?"

அவர் எழுந்தே விட்டார். "ஏய்! அவன் என் கூடப்பிறந்தவன்! தூக்கி வளர்த்தவன் நான்! அவனுக்குப் போய் நான்..." குரல் உடைந்து பாதியில் நின்றது.

"அவர் எனக்குப் புருஷன்" என்றாள் அவள். "நானும் ஒரு வருஷமா இதைத்தான் சொல்ல நினைச்சேன். யாரும் கேக்கல." தன் கோப்பையை எடுத்து, எல்லாரும் பார்க்க, கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு வெளியே போனாள்.

வாத்தியார் மெதுவாகத் தன் கோப்பையிலிருந்த டீயைக் குடிக்கத் தொடங்கினாராம். மற்றவர்களும் குடித்தார்களாம்.

ஊர் வாய் திசை மாறிற்று. தம்பிக்கு வலி என்று தெரிந்தும் மறைத்தாரே, ஏன் மறைத்தார், சோடாவில் ஏதோ இருந்திருக்குமோ என்று பேசினார்கள். டைல்ஸ் கடைக்கு 'சோடாக்கடை' என்று பெயர் விழுந்தது. வாசலில் கொத்தனார்கள் நின்று, "அண்ணே, தரைக்கு நாலு பெட்டி, தொண்டைக்கு ஒரு சோடா" என்று கேட்டுவிட்டு ஓடினார்கள். சோடாவில் ஒன்றும் இல்லை என்று அவளுக்குத் தெரியும். யாராவது அவளிடம் கேட்டால், "நான் ஒண்ணும் சொல்லல" என்றாள். அந்த மூன்று சொல்லை உதட்டில் வைத்துச் சொல்லும்போது இனித்தது என்று பின்னால் அவளே ஒப்புக்கொண்டிருக்கிறாள்.

முதலாளி அவளை மறுபடி கவுண்ட்டருக்குக் கூப்பிட்டார். அங்கேதான் ஒருநாள் டைல்ஸ்காரரின் மகள் வந்து நின்றாள்.

"சித்தி, அப்பா வெளியவே வர்றதில்ல. அவர் எதுவும் கலக்கலைன்னு நீங்க ஒரு வார்த்தை சொன்னாப் போதும்."

"சொல்றேன். என்னைப் பத்தி உங்கப்பா பேசினது எங்கெல்லாம் போச்சோ, அங்கெல்லாம் அவரே போய் இல்லைன்னு சொல்லட்டும். அப்புறம் சொல்றேன்."

"இந்த வயசுல அவரு வீடு வீடாப் போகணுமா?"

"அவர் பேச்சு வீடு வீடாப் போச்சில்ல?"

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவர் புறப்பட்டார். நல்ல வெயில். எதிர்ச்சாரியில் குடையைப் பிடித்துக்கொண்டு அவளும் நடந்தாள். ஒவ்வொரு கதவாகத் தட்டி, "என் தம்பி பொண்டாட்டி மேல ஒரு தப்பும் இல்ல. வலின்னு வந்தவனை நான்தான் வீட்டுக்கு அனுப்பினேன்" என்றார். சட்டை நனைந்து முதுகில் ஒட்டியது. எங்காவது குரல் தணிந்தால் எதிர்ப்பக்கத்திலிருந்து, "கேக்கல, அத்தான். இன்னும் கொஞ்சம் சத்தமா" என்றாள் அவள். ஒரு வீட்டில் நாற்காலி போட்டார்கள். அவர் உட்காரப் போகும்போது அவள் பார்த்த பார்வையில் உட்காராமலே திரும்பினார். கடைசியில் மருந்துக்கடை. கூட்டம் இருந்தது. அங்கும் சொன்னார். சொல்லி முடித்து அவளைப் பார்த்தார்.

"சோடாவுல ஒண்ணும் கலக்கல" என்றாள் அவள், எல்லாருக்கும் கேட்கும்படி. "அதுல வெறும் சோடாதான் இருந்துச்சு."

அதோடு சரி. தண்ணீர் வேண்டுமா என்றுகூடக் கேட்கவில்லை.

அன்றைக்கு இருட்டுமுன் ஓரகத்தி வந்து, "இப்பவாவது மன்னிச்சிட்டியாம்மா?" என்று கேட்டாள்.

"கலக்கலைன்னு சொல்லச் சொல்லி உங்க பொண்ணு கேட்டா, சொன்னேன். மன்னிக்கச் சொன்னதா ஞாபகம் இல்லயேக்கா."

"இன்னும் கோபம் தீரலையா?"

"அத்தானைப் பத்தி இப்ப அவ்வளவா நினைப்பே வர்றதில்ல. இன்னைக்கு அவர் பின்னாடி நடக்கறப்பதான் தெரிஞ்சுது. அண்ணன் சொன்னா என் புருஷனுக்குப் புத்தி எங்க போச்சு? வலியை வச்சிக்கிட்டு என் எதிர்லயே உட்கார்ந்து பாலைக் குடிச்சாரேக்கா. சூடு போதுமான்னு கேட்டேன். போதும்னாரு. இந்த மனுஷனை நான் எந்தத் தெருவுல நடக்க வைக்கறது?"

ஓரகத்தி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். புருஷன் செத்து ஒரு வருஷத்துக்குமேல் ஆனபிறகு, அன்றைக்குத்தான் அவள் வாய்விட்டு அழுதாள். அழும்போதும் அவனைத் திட்டிக்கொண்டேதான் அழுதாள்.