முனியம்மா எடுத்துக்கினு போன கல்லு

"வாய்ல இன்னா கொழுக்கட்டையா வெச்சிக்கினு இருந்தீங்க மூணு பேரும்? எம் புள்ள சாவப்போறான்னு தெரிஞ்சிக்கினே நான் போட்ட காப்பிய குடிச்சீங்களே, தொண்டைல எறங்குச்சா?"

முனியம்மா இப்படிக் கத்தினது மயிலாப்பூர்ல, வேதாந்தம் ஐயரு வூட்டு கூடத்துல. எழுபத்தொன்னாம் வருசம். அந்த வூட்டு வேலக்காரி அவ, அதுவரிக்கும் அவ கொரலு அடுப்பங்கரைய தாண்டினதில்ல.

கூடத்துல ஒரு கல்லு இருந்துது. விளாம்பழம் சைஸு, கண்ணாடி மாதிரி. ஐயரு வூட்டு கெணத்த தூரெடுக்கசொல்ல வந்துது. அது மேல மூச்ச ஊதிட்டு பாத்தா, பாக்கறவனுக்குத் தெரிஞ்ச சனத்துல அடுத்து சாவப்போறது யாரு, எப்படின்னு உள்ள ஓடும். முனியம்மாவுக்கு இதெல்லாம் தெரியாது. அவளுக்கு அது தூசு தட்டற சாமானு.

மூணு படிச்ச ஆளுங்க அத வெச்சி ஆராய்ச்சி பண்ணிக்கினு இருந்தாங்க. ஐயரு சமஸ்கிருத பண்டிதரு. வலியுல்லா பாய் அரபி, உருது கரைச்சி குடிச்ச முன்ஷி. ஜவஹர் சாரு அடையார்லருந்து சைக்கிள்ல வர்ற காலேஜ் வாத்தியாரு. அவுங்களுக்குள்ள ஒரு சட்டம். திங்கக்கெழம பாய் பாப்பாரு, செவ்வாக்கெழம சாரு, புதங்கெழம ஐயரு. பாத்தத மூச்சு வுடக்கூடாது. வியாழக்கெழம சாயங்காலம் ஒன்னா குந்திக்கினு தான் வாயத் தொறக்கணும். முன்னாடியே சொல்லிட்டா அடுத்தவன் கண்ணும் அதையே பாக்குமாம், ஆராய்ச்சி கெட்டுப்பூடுமாம்.

அந்த வாரம் மூணு பேரும் பாத்தது முனியம்மா புள்ள கன்னியப்பன. கொத்தனாரு. அப்பன் சாராயத்துல போனப்பறம் அவளுக்கு இருந்தது அவன் ஒருத்தன் தான். தேனாம்பேட்டைல எழும்பிக்கினு இருந்த கட்டடத்துல வேல. சவுக்குக் கம்பு சாரம் கயிறு அவுந்து சரியறத மூணு பேரும் தனித்தனியா பாத்தாங்க. பாய் ரெண்டு நாளு சோறு துன்னல. ஆனா சொல்லல.

வியாழக்கெழம காலைலயே சாரம் சரிஞ்சிது.

காரியம் முடிஞ்சி அவ வேலைக்கு வந்தா. சட்டில பாலு பொங்கிக்கினு இருக்கசொல்ல கூடத்துல ஜவஹர் சாரு பேசறது கேட்டுது. "கன்னியப்பன் சாவ மூணு பேரும் முன்னாடியே கல்லுல பாத்தோமே, மூணும் ஒத்துப்போச்சு சார். அந்தக் கயிறு அவுந்த எடம் கூட மாறல." அந்தக் கொரல்ல சந்தோசம் இருந்துது. அப்பத்தான் அவ கூடத்துக்கு வந்து கத்தினது.

ஐயரு எழுந்து நின்னாரு. "வியாழக்கிழமை பேசிக்கலாம்னு இருந்தோம் முனியம்மா."

"அவன் வியாழக்கெழம சாயங்காலம் வரிக்கும் தாங்கலியே சாமி."

பாய் துண்டால மூஞ்ச மூடிக்கினாரு.

"ஒன்னே ஒன்னு கேக்கறேன். சொல்லிருந்தா பொழச்சிருப்பானா?"

பொழச்சிருக்க மாட்டான்னு எவனாச்சும் சொன்னா போதும் அவளுக்கு. விதின்னு நெனச்சி படுத்து அழுதுட்டு எழுந்துப்பா.

"தெரியாது," ன்னாரு ஐயரு. "இதுவரைக்கும் யார்கிட்டயும் சொல்லிப் பாத்ததில்ல."

அவ கல்ல முந்தானைல முடிஞ்சிக்கினு எறங்கிட்டா. எவனும் தடுக்கல.

மந்தவெளி கால்வாய் ஓரத்துல அவ குடிச. அவுங்க ஊதறத தூசு தட்டசொல்ல பாத்துருக்கா, அதே மாதிரி தெனம் ஊதி ஊதிப் பாப்பா. ஒரு நாளு காலைல ஐயரு தெரிஞ்சாரு. லஸ் முனைல தொன்ன வாங்கிக்கினு நிக்கறாரு, பஸ்ஸு ஏறுது.

கல்ல துணில மூடி வெச்சிட்டு மீன் ஆஞ்சா. சாவட்டும், நம்மளும் வியாழக்கெழம சொல்லுவோம்னு நெனச்சா. மீனு கொழம்புல வெந்துது, வாய்ல வெக்க முடியல. உச்சி வெயில்ல நடந்து போயி கதவத் தட்டினா.

"சாமி, தொன்ன வாங்க லஸ் முனைக்கிப் போவாத. பஸ்ஸு ஒன் மேல ஏறப்போவுது. போனா ஒன் இஷ்டம்."

ஐயரு போவல. மறுநாளு பஸ்ஸு வந்து தொன்னக் கடைய இடிச்சி தள்ளிச்சி. கடக்காரனுக்கு காலு ஒடஞ்சிது, உசுரு போவல.

அத சொல்ல ஐயரு குடிசைக்கே ஓடியாந்தாரு. "நான் பொழச்சுட்டேன் முனியம்மா" ன்னாரு. அதுக்கு அர்த்தம் இன்னான்னு அவருக்கு அப்பத்தான் ஒறைச்சிது. நின்ன எடத்துலயே குந்திட்டாரு. அவ அழல. "அப்போ எம் புள்ளயும் பொழச்சிருப்பான்" ன்னா. அவ்ளோதான்.

கல்ல ஒடச்சிப் போட்ருப்பான்னு தெருல பேசிக்கினாங்க. ஒடைக்கல. தெரிஞ்சவங்க யாரு மூஞ்சி அதுல வந்தாலும் அன்னிக்கே போயி சொல்லுவா. கோபாலபுரத்துல ஒருத்தி தண்ணிய மூஞ்சில ஊத்தினா. கேட்டவன் பொழச்சான், கேக்காதவன் போனான். போனவன் வூட்ல இவ தான் வாய வெச்சி கொன்னான்னு வஞ்சாங்க. இவளக் கண்டா சனம் கதவ சாத்திச்சி. சாத்தின கதவுக்கு வெளில நின்னு சொல்லிட்டு வருவா.

தார் ரோட்ல நடந்து நடந்து பாதம் பொத்துப் போச்சி. பொறந்ததுலருந்து காலுக்கு ஒன்னும் போடாதவ, தி. நகர் பஸ் ஸ்டாண்டாண்ட டயர் செருப்பு ஒரு ஜோடி வாங்கினா. ரெண்டே கால் ரூபா.