மூன்றாவது குரலுக்கு முன்

பிராங்க்ளினின் உடம்பில் முப்பத்தொரு தழும்புகள். அதில் ஒன்பதை மனிதர்கள் போட்டார்கள், மற்றதெல்லாம் காரைக்காலின் பழைய வீடுகள் போட்டவை. ஞாயிற்றுக்கிழமை காலை ஆறரை மணிக்கு மாதா கோயில் வாசலில் வெளியூர்க்காரர்களைக் கூட்டி நிறுத்தி, தழும்புகளை ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டேதான் ஊர்க் கட்டடங்களைச் சுற்றிக் காட்டுவார்.

“இந்த பால்கனியப் பாருங்க. இரும்புல கொடி படந்த மாதிரி வேலப்பாடு. கப்பல்ல வந்த இரும்பு. எதுத்த வீட்லயும் இதுக்கு ஜோடி ஒண்ணு இருந்துச்சுங்க. கழட்டுறப்ப என் முன்பல்லு ரெண்டையும் கூட்டிக்கிட்டுப் போயிருச்சு.”

வாயைத் திறந்து காட்டுவார். கும்பகோணத்திலிருந்து வந்த ஓர் ஓய்வுபெற்ற ஆசிரியை அந்தப் பொந்தைப் படம் பிடித்துக்கொண்டு போனதுண்டு. பால்கனியைப் பிடிக்க மறந்துவிட்டார்.

பிராங்க்ளின் கோட்டுச்சேரிக்காரர். பிறந்த அன்றே மருத்துவச்சியின் தாடையில் ஓர் உதை விட்டார் என்பது அவர் அம்மா சொன்னது. மருத்துவச்சி திருப்பி ஓர் அறை விட்டாள் என்பது ஊர் சொன்னது. இரண்டையும் நம்பலாம். எட்டாம் வகுப்பில் கணக்கு வாத்தியாரின் பிரம்பைப் பிடுங்கி முழங்காலில் வைத்து முறித்ததோடு படிப்பு முடிந்தது. இருபது வயதில் குஞ்சிதபாதத்திடம் வேலைக்குச் சேர்ந்தார். குஞ்சிதபாதம் பழைய வீடுகளை இடிக்கும் காண்ட்ராக்டர். தேக்கு உத்திரம், தூண், நிலைக்கதவு, வண்ணக் கண்ணாடி என்று கழற்றி விற்றுவிட்டு, மிச்சத்தைக் குப்பை லாரியில் ஏற்றுவார்.

பத்தொன்பது வருஷம் பிராங்க்ளின் சம்மட்டி பிடித்தார். அந்தக் காலத்துச் சுண்ணாம்புச் சுவர் லேசில் விழாது. கடுக்காயும் வெல்லமும் போட்டு அரைத்துக் கட்டியது. ஓர் அடிக்கு ஓர் அங்குலம் விட்டுக்கொடுக்கும், பதிலுக்கு ஒரு சில்லை எடுத்து முகத்தில் அடிக்கும். ஒரு வணிகர் வீட்டு நடுச்சுவர் பதினோரு நாள் நின்று சண்டை போட்டது. பன்னிரண்டாம் நாள் விழும்போது பிராங்க்ளினின் இடது கைக் கட்டைவிரல் நகத்தை எடுத்துக்கொண்டுதான் விழுந்தது. அது விழுந்த சத்தத்துக்கு நாகூர்ப் புறாவெல்லாம் எழும்பி வேதாரண்யத்தில் போய் இறங்கின என்பார். எண்ணிப் பார்த்தவர் யாருமில்லை.

வேலைக்காரர்களுக்குள் ஒரு கட்டுப்பாடு இருந்தது. காலையிலும் சரி, சாப்பாட்டுக்குப் பிறகும் சரி, முதல் அடி விழுமுன் ஒருவர் உள்ளே போய் மூன்று இடத்தில் குரல் கொடுக்க வேண்டும். கூடத்தில் ஒன்று, முற்றத்தில் ஒன்று, கொல்லையில் ஒன்று. “யாரு உள்ள? இடிக்கப் போறோம், வெளிய வா!” ஆளில்லாத வீட்டில் ஆடு படுத்திருக்கும், பிள்ளைகள் ஒளிந்து விளையாடும், போதையில் எவனாவது உருண்டிருப்பான். மூன்றாவது குரல் கேட்டு, கூப்பிட்டவர் கொல்லைப் பக்கமாக வெளியே வந்த பிறகுதான் சம்மட்டி எழும்பும்.

குரல் கொடுப்பது அம்பலவாணன் வேலை. திருமலைராயன்பட்டினத்து மீன்பிடிக் குடும்பம். படகு புயலில் உடைந்ததும் இடிப்பு வேலைக்கு வந்தவர். கடலில் படகுக்குப் படகு கூப்பிட்டுப் பழகிய தொண்டை. பட்டினத்துக் கரையில் அவர் இருமினால் போலகத்தில் தொட்டில் பிள்ளை விழித்துக்கொள்ளும்.

2011இல் எட்டுத் தூண் வீட்டை இடித்தார்கள். சாப்பாடு முடிந்திருந்தது. உத்திரம் வாங்க வந்தவரின் லாரி தெருவை அடைத்து நின்று ஹாரன் அடித்தது. அம்பலவாணன் உள்ளே போனார். கூடத்தில் ஒரு குரல். முற்றத்தில் ஒரு குரல்.

“இன்னும் என்னடா பாத்துக்கிட்டு நிக்கிற? அடி!” என்றார் குஞ்சிதபாதம்.

பிராங்க்ளின் அடித்தார்.

உத்திரத்தின் முட்டு ஒரே அடியில் பறந்தது. மாடித் தளம் மொத்தமாக இறங்கியது. புழுதி அடங்கக் கால் மணி ஆயிற்று. கையாலேயே தோண்டி, அம்பலவாணனைத் தோளில் போட்டு வெளியே கொண்டு வந்தவரும் பிராங்க்ளின்தான். தலை இருந்த இடத்தைத் துண்டால் மூடியிருந்தார்.

போலீஸ் வருமுன் குஞ்சிதபாதம் அவரைச் சுவரோரம் தள்ளிக்கொண்டு போனார். “குடிச்சிட்டு உள்ள போயி படுத்துட்டான்னு சொல்லு. இல்லன்னா அடிச்ச கை உன் கை. உள்ள போறது நீதான்.”

பிராங்க்ளின் அப்படியே சொல்லிக் கையெழுத்தும் போட்டார். அன்று சாயங்காலம் குஞ்சிதபாதத்தின் மூக்கை ஒரே குத்தில் இடப்பக்கம் திருப்பிவிட்டு வேலையை விட்டார். மூக்கு இன்றைக்கும் இடப்பக்கம்தான் பார்க்கிறது. கையெழுத்தும் போட்ட இடத்திலேயே கிடந்தது.

அதன் பிறகு ஏழெட்டு வருஷம் மீன்பிடித் துறைமுகத்தில் ஐஸ்கட்டி உடைத்தார். ஒருநாள் தெருவில் ஒரு பழைய வீட்டைப் படமெடுத்துக்கொண்டிருந்த இருவரிடம், அந்த மாடியின் எடையை எந்தச் சுவர் தாங்குகிறது, எங்கே தட்டினால் அது உயிரை விடும் என்று விவரித்தார். அவர்கள் தங்கியிருந்த லாட்ஜ்காரர் அடுத்த வாரம் நான்கு பேரை அனுப்பினார். ஊரை உடைத்தவர் ஊரைக் காட்ட ஆரம்பித்தது அப்படித்தான்.

சுற்றில் எட்டு நிறுத்தம். எட்டாவது, எட்டுத் தூண் வீடு இருந்த காலி மனை. அதன் மதிலில் ஓவியம் படிக்கும் பிள்ளைகள் கொஞ்சப் பேர், இடிந்துபோன வீட்டையே ஆள் உயரத்துக்கு வரைந்திருந்தார்கள். எந்தத் தூண் எங்கே, கதவில் எத்தனை குமிழ் என்று சொல்லிக் கொடுத்தவர் பிராங்க்ளின். அச்சு அசலாக வந்திருந்தது. மழைக்கு ஒதுங்க வந்த ஒரு கறுப்பு நாய் அந்தப் படிக்கட்டில் தாவி ஏறப் போய் மூக்கை உடைத்துக்கொண்டது. தபால்காரர் ஒருவர் கதவைத் தட்டிவிட்டுப் பத்து நிமிஷம் நின்றார் என்றும் பேச்சு.

அங்கே வந்ததும் பிராங்க்ளினுக்கு வேகம் கூடிவிடும். “இங்க அம்பலவாணன்னு ஒருத்தரு செத்தாரு. குடிச்சிருந்தாருன்னு சொல்லுவாங்க, நம்பாதீங்க. அவரு ஒரு சொட்டு தொட்டது கெடையாது. அவ்வளவுதாங்க. டீ குடிக்கலாம்.”

யார் அடித்தது என்பது வராது.

அம்பலவாணனின் மனைவி தையல்நாயகி அந்த மனை இருக்கும் சாலையிலேயே மீன் விற்பவர். தன் புருஷன் குடிகாரனாகச் சாகவில்லை என்று நாலு பேர் முன்னால் சொல்ல ஒரு மனுஷராவது இருக்கிறாரே என்று ஞாயிறு தவறாமல் நாலு சங்கரா மீனைப் பனை ஓலையில் சுற்றிக் கொடுப்பார். பிராங்க்ளின் வாங்கிக்கொள்வார். வீட்டில் மனைவி அமலராணி குழம்பு வைப்பார். பிராங்க்ளின் சோற்றைப் பிசைந்து பிசைந்து வைத்துவிட்டு எழுந்துவிடுவார்.

“அந்தத் தங்கச்சிகிட்ட முழுசாச் சொல்லிடுங்க. இல்ல, மீனு வாங்குறத நிறுத்துங்க. முள்ளு எனக்கே தொண்டையில நிக்கிது” என்பார் அமலராணி.

“சொன்னா என் முகத்துல முழிப்பாளா?”

“இப்ப மட்டும் எந்த முகத்தக் காட்டுறீங்க?”

மதில் படம் போனில் பரவி, நின்று கேட்கும் கூட்டமும் பெருகியது. தான் வாங்கிப் போட்டிருந்த மனை வாசலிலேயே தான் கட்டிய கதை பொய்யென்று அடிபடுவது குஞ்சிதபாதத்துக்குப் பொறுக்கவில்லை. ஒரு ஞாயிறு, ஒன்பது பேர் கொண்ட குழு மதிலுக்கு முன்னால் நிற்கும்போது இரண்டு ஆட்களோடு வந்து இறங்கினார். பேச்சே இல்லை. முதல் ஆள் பிராங்க்ளினின் கழுத்தைப் பிடித்து மதிலில் மோதினான். வரைந்த கதவில் நிஜ ரத்தம் வழிந்தது. பிராங்க்ளின் முட்டியைத் தூக்கி அவன் வயிற்றில் ஏற்றினார். ஐம்பதைத் தாண்டியும் சம்மட்டிக் கை சம்மட்டிக் கைதான். இரண்டாமவனின் தாடை சொடக்கென்றது. அதற்குள் முதல் ஆள் செங்கல்லை எடுத்து அவர் விலாவில் இறக்கினான். பிராங்க்ளின் மண்டியிட்டார். குழுவில் ஒரு பெண் அலறினாள். அவள் புருஷன் தண்ணீர்ப் பாட்டிலை வீசினான், அது குறி தப்பிக் குஞ்சிதபாதத்தின் மூக்கிலேயே விழுந்தது.

குஞ்சிதபாதம் மூக்கைப் பிடித்துக்கொண்டு கத்தினார். “அவன் குடிக்கலன்னு ஊரக் கூட்டிச் சொல்றியே, யோக்கியனாடா நீ? குடிச்சான்னு ஸ்டேஷன்ல கையெழுத்துப் போட்டது எவன்டா? உங்கப்பனா?”

மீன் கூடையோடு கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்த தையல்நாயகியின் காதில் அது விழுந்தது. கூடையை இறக்கி வைத்தார்.

“என்ன கையெழுத்துண்ணே?”

பிராங்க்ளின் வாயில் இருந்த ரத்தத்தைத் துப்பினார். அதிலே ஒரு பல் போயிற்று.

“இல்லன்னு சொல்லிடுண்ணே. இந்தாளு பொய் சொல்றாருன்னு சொல்லிடு.”

“போட்டேன் தங்கச்சி.”

தையல்நாயகி மதிலில் வரைந்த கதவைப் பார்த்தார். பிறகு குனிந்து அவர் முகத்துக்கு நேராகக் கேட்டார்.

“அவரு குடிக்கலன்னா மூணு கொரலும் குடுத்திருப்பாரே. குடுத்தாரா?”

பிராங்க்ளின் விலாவைப் பிடித்துக்கொண்டு முகத்தை நிமிர்த்தினார். குஞ்சிதபாதம் “வாய மூடுடா” என்றார்.

“ரெண்டுதான் கேட்டுச்சு. லாரி நிக்கிது, அடின்னாரு. மூணாவது கேக்குறதுக்குள்ள நான் அடிச்சிட்டேன். என் கைதான்.”

தையல்நாயகி அலுமினியக் கூடையை மீனோடு தூக்கி அவர் தலையில் அடித்தார். சங்கராவும் பொடி மீனும் தெருவில் சிதறின. இன்னொரு அடி. மூன்றாவது அடிக்குக் கூடை நசுங்கியது. பிராங்க்ளின் கையைக்கூடத் தூக்கவில்லை. நெற்றி பிளந்து ரத்தம் கண்ணில் இறங்கியது. அதற்குப் பிறகு தையல்நாயகி திரும்பி, சிரிக்க ஆரம்பித்திருந்த குஞ்சிதபாதத்தின் சட்டைக் காலரைப் பற்றி, நசுங்கிய கூடையாலேயே விளாசினார். இரண்டு அடியாட்களும் பைக்கை எடுத்துக்கொண்டு பறந்துவிட்டார்கள். பதினாலு வருஷ ஆத்திரத்துக்கு எதிரில் நிற்க அவர்களுக்குக் கூலி பேசியிருக்கவில்லை.

“எழுந்திரிடா. நட” என்றார் தையல்நாயகி பிராங்க்ளினைப் பார்த்து. அண்ணன் என்ற சொல் அத்தோடு போயிற்று.

“எங்க?”

“எங்க கையெழுத்துப் போட்டியோ அங்க.”

அவர் முன்னால் நடந்தார். பிராங்க்ளின் சுவரைப் பிடித்துப் பிடித்துப் பின்னால் போனார். குஞ்சிதபாதத்தின் காலர் தையல்நாயகியின் இடது கையிலேயே இருந்தது. பின்னால் ஒன்பது பேரும் தொப்பியும் தண்ணீர்ப் பாட்டிலுமாக வரிசை கலையாமல் வந்தார்கள். வழியில் ஒருவர், “சார், இந்தத் தூண் வச்ச வீடு எந்தக் காலத்துது?” என்று பழக்கதோஷத்தில் கேட்டுவிட்டார். பிராங்க்ளின் ரத்தத்தைத் துடைத்துக்கொண்டு, “நூத்தம்பது வருசம் இருக்கும்” என்றார். தையல்நாயகி திரும்பி ஒரு பார்வை பார்த்தார். அதற்கப்புறம் யாரும் எந்தக் கட்டடத்தைப் பற்றியும் கேட்கவில்லை.

ஸ்டேஷனில் ரைட்டர் முதலில் கூட்டத்தையும், பிறகு ரத்தத்தையும், கடைசியில் மீன் வாடையையும் கவனித்தார். “ஒவ்வொருத்தராப் பேசுங்க. யாரு யார அடிச்சது?”

“அது அப்பறம். பழசு ஒண்ணு இருக்கு, அத மொதல்ல எழுதுங்க” என்றார் தையல்நாயகி.

பிராங்க்ளின் நின்றபடியே ஆரம்பித்தார். கூடத்தில் ஒரு குரல், முற்றத்தில் ஒரு குரல், லாரி ஹாரன், குஞ்சிதபாதத்தின் வாய்ச்சொல், தன் கை. டீ குடிக்கலாம் என்று எந்த இடத்திலும் சொல்லவில்லை. எழுதி முடித்ததும் ரைட்டர் தாளைக் கையெழுத்துக்கு நீட்டினார். தையல்நாயகி குறுக்கே கையை வைத்தார்.

“படிச்சுக் காட்டுங்க.”

ரைட்டர் படித்தார். ‘மேற்படி அம்பலவாணன் சம்பவத்தின்போது மது அருந்தியிருக்கவில்லை’ என்ற வரி வந்தது.

“அத இன்னொரு தடவ படிங்க. வெளிய நிக்கிறவங்களுக்குக் கேக்கணும்.”

ரைட்டர் வாசல் பக்கம் திரும்பிப் படித்தார். தையல்நாயகி கையை எடுத்துக்கொண்டார்.

“இப்பப் போடு” என்றார் பிராங்க்ளினிடம். “போட்டுட்டு உள்ள போ.”