பீரோ வந்த ஞாயிற்றுக்கிழமை

இருபதாம் நூற்றாண்டு பிறந்து ஏழெட்டு வருஷம் ஆகியிருந்த சமயம். கல்கத்தாவில், காளிகாட் பக்கம் ஒரு சந்தில் நானும் என் மனைவியும் குடியிருந்தோம். எனக்குக் கிடர்பூரில் ஒரு கப்பல் கம்பெனியில் குமாஸ்தா உத்தியோகம். கல்யாணமாகி மூன்று வருஷமாகியும் வீட்டில் சொல்லிக்கொள்ளும்படி ஒரு சாமான் கிடையாது. இரண்டு டிரங்குப் பெட்டி, படுக்கை, சமையல் பாத்திரம், அவ்வளவுதான் எங்கள் ஆஸ்தி. அப்படியிருக்க, ரங்கூனில் வேலையாயிருந்த என் மைத்துனர், தங்கைக்கென்று பர்மாத் தேக்கில் ஒரு பீரோ செய்து கப்பலில் அனுப்பியிருப்பதாகக் கடிதம் எழுதினார். ஏழடி உயரம், நாலரை அடி அகலம், ஒரு கதவு முழுக்க நிலைக்கண்ணாடி. அன்று இரவு நாங்கள் இருவரும் வேறு எதையும் பேசவில்லை.

நான் சுபாவத்திலேயே எதையும் ஒழுங்காகச் செய்கிறவன். என்னைப் பற்றி நானே அப்படித்தான் சொல்லிக்கொள்வேன். என் மனைவி அதற்கு வேறு பெயர் வைத்திருந்தாள். மறுநாளே ஒரு கயிற்றை எடுத்து, உயரத்துக்கு ஒரு முடிச்சு, அகலத்துக்கு ஒரு முடிச்சு போட்டுக்கொண்டு வாசல், நடை, கூடம் என்று அளக்க ஆரம்பித்துவிட்டேன். வாசற்கதவு இரண்டையும் கீலிலிருந்து கழற்றிவிட்டால் பீரோ தாராளமாக உள்ளே வரும் என்று தெரிந்தது. நடையில் துணி உலர்த்தக் கட்டியிருந்த கொடியை அவிழ்த்து, ஆணியையும் பிடுங்கினேன். தண்ணீர்ப் பானைகள் கொல்லைப்பக்கம் போயின. பீரோ நிற்கப்போகும் மூலையில் கரையான் ஏறாமலிருக்க நாலு தகரக் கிண்ணங்களில் தண்ணீர் ஊற்றி வைத்தேன். ஒருநாள் சாயங்காலம் என் மனைவியை ஒரு முனையைப் பிடிக்கச் சொல்லி, நான் மறுமுனையைப் பிடித்து, வெறுங்கையோடு இல்லாத பீரோவை உள்ளே கொண்டுவந்து ஒத்திகைகூடப் பார்த்தேன். அவள் சிரித்த சிரிப்பில் பாதி வழியிலேயே பீரோவைக் கீழே போட்டுவிட்டாள்.

இத்தனையும் அளந்தவன் வாசலுக்கு வெளியே இருந்த சந்தின் அகலத்தை மட்டும் அளக்கவில்லை. பக்கத்தில் இருப்பவர்களிடம் இன்ன நாளில் இப்படி ஒரு சாமான் வருகிறது என்று ஒரு வார்த்தை சொல்லவும் தோன்றவில்லை.

பக்கத்தில் என்றால் ஒரே வீடுதான். எங்களைத் தாண்டினால் கடைசியாக ஒரு வங்காளிக் குடும்பத்தின் வீடு. அத்தோடு சந்து முடிந்துவிடும். அந்த வீட்டுக்காரர் பள்ளிக்கூட வாத்தியார், என்னைவிடப் பத்து வயது மூத்தவர். நான் அவரை வங்காளி வழக்கப்படி தாதா, அதாவது அண்ணா, என்றுதான் கூப்பிடுவேன். அவருடைய தகப்பனாருக்கு எங்கள் வீட்டு ரசத்தின் மேல் அபாரப் பிரியம். என் மனைவி கிண்ணத்தில் கொண்டுபோய்க் கொடுத்தால் வெறும் ரசத்தையே குடித்துவிட்டு இன்னும் கொஞ்சம் கேட்பார். அந்தப் பெரியவர் மூன்று வாரமாகப் படுத்த படுக்கையாக இருந்தார். கடைசி மூச்சு கங்கைக் கரையில்தான் போகவேண்டும் என்பது அவருடைய ஆசை. அங்கே பலருக்கும் அப்படி ஓர் ஆசை உண்டு. வேளை நெருங்கிவிட்டது என்று தெரிந்தால் கட்டிலோடு தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள். எங்கள் சந்திலிருந்து, கங்கையின் பழைய கிளையான ஆதிகங்கைக் கரைக்குக் கால்மணி நேர நடைகூட இல்லை. இதெல்லாம் எனக்கு நன்றாகத் தெரியும். தெரியாது என்று சொல்லித் தப்பித்துக்கொள்ள எனக்கு வழியில்லை.

எனக்கு லீவு ஞாயிற்றுக்கிழமைதான். ஞாயிற்றுக்கிழமை ராகுகாலம் நாலரையிலிருந்து ஆறு. அதனால் மூன்று மணிக்கெல்லாம் பீரோ வீட்டுக்குள் இருக்கவேண்டும் என்று திட்டம். ஆனால் துறைமுகத்தில் காகிதம் முடிந்து கைக்கு வரவே ஒரு மணியாகிவிட்டது. மாட்டு வண்டியோ ஆடி அசைந்து வந்தது. சந்துக்குள் வண்டி நுழையாது. முனையில் இறக்கி, ஆறு கூலியாட்கள் மூங்கிலில் கட்டித் தூக்கி வந்து எங்கள் வாசலில் நின்றபோது மணி நாலு முப்பத்தைந்து.

ஐந்தே நிமிஷம். அந்த ஐந்து நிமிஷத்துக்காக நான் பட்ட எரிச்சலைச் சொல்லி முடியாது. முதன்முதலாக வீட்டுக்கு வரும் பெரிய சாமானை ராகுகாலத்தில் உள்ளே விடுவதா? கீழே வைக்கச் சொன்னேன். கண்ணாடி மேலே இருக்கும்படி பீரோவை நீளவாட்டில் படுக்கவைத்தார்கள். சந்தின் அகலம் ஐந்தரை அடிதான் இருக்கும். ஒரு ஆள் சுவரோடு ஒட்டிக்கொண்டு பக்கவாட்டில் போகலாம், அவ்வளவுதான் இடம். ஆறு மணி வரைக்கும் நிற்கவேண்டும் என்றதும் கூலியாட்கள் முணுமுணுத்தார்கள். என் மனைவி ஆளுக்கு ஒரு சொம்பு மோர் கொடுத்துச் சமாதானம் செய்தாள்.

ஐந்து மணி இருக்கும். பக்கத்து வீட்டு தாதா வந்து பீரோவுக்கு அந்தப் பக்கம் நின்றார். தோளில் ஒரு துண்டு, காலில் செருப்பில்லை. "ஏக்டு..." என்று ஆரம்பித்தார். வங்காளியில் ‘கொஞ்சம்’ என்று அர்த்தம். கொஞ்சம் என்ன என்று நான் கேட்கவில்லை. வழியை அடைத்ததற்கு ஏதோ சொல்ல வந்திருக்கிறார் என்று நானே தீர்மானித்துக்கொண்டு, சட்டைப்பையிலிருந்து கடிகாரத்தை எடுத்துக் காட்டினேன். எனக்குத் தெரிந்த வங்காளியில், இது எங்களுக்கு ஆகாத வேளை, ஆறு அடித்ததும் எடுத்துவிடுவேன் என்று மூச்சுவிடாமல் சொன்னேன். அவர் பீரோவைப் பார்த்தார். கழற்றி வைத்திருந்த கதவுகளைப் பார்த்தார். ஆறு மணிக்கு நிச்சயம்தானே என்று மட்டும் கேட்டார். நிச்சயம் என்றேன். தலையை ஆட்டிவிட்டுத் திரும்பிப் போய்விட்டார்.

என் மனைவி வாசற்படியில் நின்று இதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அவர் என்னமோ சொல்ல வந்தார். நீங்க சொல்லவே விடலையே" என்றாள். பீரோவைப் பார்க்க வந்திருப்பார், ஆறு மணிக்கு நிமிர்த்தி வைத்தால் நன்றாகப் பார்க்கட்டும் என்று நான் சொன்னேன். சொல்லிவிட்டு வெற்றிலை போட்டுக்கொண்டேன். அந்த வெற்றிலை இப்போதும் என் தொண்டையில் நிற்கிறது.

ஐந்தரை தாண்டியிருக்கும். கடைசி வீட்டிலிருந்து ஒரு பெண்ணின் அழுகை கேட்டது. அதைத் தொடர்ந்து பல குரல்கள். என்ன அழுகை என்று யாரும் எனக்குச் சொல்லவேண்டியிருக்கவில்லை. கூலியாட்கள் அறுவரும் என் முகத்தைப் பார்த்தார்கள். தூக்குங்கள் என்றேன். ராகுகாலம் முடிய இன்னும் கிட்டத்தட்ட அரைமணி இருந்தது. கதவு கழன்றிருந்தது, நடை காலியாக இருந்தது, எல்லாம் நான் அளந்தது அளந்தபடி இருந்தது. ஒரு கீறல் விழாமல் பீரோ உள்ளே போய்த் தன் மூலையில் நின்றுவிட்டது. ஐந்து நிமிஷம்கூட ஆகியிராது.

நான் தாதா வீட்டுக்கு ஓடினேன். முற்றத்தில் கட்டில் கிடந்தது. இரண்டு பக்கமும் மூங்கில் வைத்துக் கட்டி முடித்திருந்தார்கள். தூக்குவதற்கென்று வந்த நாலு பேர் துண்டைத் தலையில் சுற்றிக்கொண்டு அப்படியே நின்றிருந்தார்கள். பெரியவரின் வாய் ஓரத்தில் தண்ணீர் வழிந்திருந்தது. வீட்டில் வைத்திருந்த கங்கை ஜலத்தை விட்டிருக்கிறார்கள். அந்தக் கட்டில் எத்தனை நேரமாக அங்கே தயாராக இருந்தது என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது.

ஏன் என்னிடம் சொல்லவில்லை என்று கேட்டேன். கேட்க எனக்கு யோக்கியதை இல்லை, ஆனாலும் கேட்டேன். தாதா என் கையைப் பிடித்துக்கொண்டார். இருட்டுகிற வரைக்கும் தாங்கும் என்று வைத்தியர் சொன்னாராம், ஆறு மணிக்குக் கிளம்பினாலும் போய்விடலாம் என்று நினைத்தாராம். பிறகு தாழ்ந்த குரலில் சொன்னார்: "உங்க வீட்டுக்கு முதல் தடவையா ஒரு நல்ல பொருள் வருது. அந்த வேளையில சாகப்போற மனுஷனை உங்க வாசல் வழியா தூக்கிட்டுப் போகணும்னு எப்படிச் சொல்றது? மனசு வரலை."

அன்று இருட்டிய பிறகு கட்டில் எங்கள் வாசலைக் கடந்து போயிற்று. சந்து காலியாகத்தான் இருந்தது. நானும் பின்னாலேயே கரைவரை நடந்தேன். யாரும் என்னை ஒரு வார்த்தை கடிந்து பேசவில்லை. யாராவது திட்டியிருந்தால் தேவலையாக இருந்திருக்கும்.

காரியங்கள் எல்லாம் முடிந்த பிறகு ஒரு நாள் தாதா எங்கள் வீட்டுக்கு வந்தார். பீரோவைத் தடவிப் பார்த்து, நல்ல மரம், மூன்று தலைமுறைக்கு இருக்கும் என்றார். நான் சமையலறைக்குள் போய் நின்றுகொண்டேன். அதற்கப்புறம் சாமான் வாங்கினோம், வீடு மாறினோம். வேளை பார்ப்பதை நான் விட்டுவிட்டேன் என்று சொல்லமாட்டேன், இன்றும் பார்க்கிறேன். ஆனால் வாசலில் வந்து நின்று ஒருவர் வாயைத் திறந்தால், அவர் முடிக்கிறவரைக்கும் என் கை கடிகாரத்தின் பக்கம் போவதில்லை. அன்று அவர் என்னிடம் கேட்க வந்தது ஐந்து நிமிஷம். அதைக்கூட வாய்விட்டுக் கேட்க விடாத எனக்கு, தன் தகப்பனாரின் கடைசி அரைமணி நேரத்தை அவர் கொடுத்துவிட்டுப் போனார் என்பதை இத்தனை வருஷமாகியும் என்னால் தாங்கிக்கொள்ள முடியவில்லை.