பூநாரை பார்க்கப் போன மாஜி கவுன்சிலர்

திருவொற்றியூரில் பத்து வருடம் கவுன்சிலராக இருந்த செங்கொடி, தேர்தலில் தோற்ற மறுமாதமே ஒரு பைனாகுலர் வாங்கினார். வார்டே சிரித்தது. சிரிக்கட்டும், தோற்றவர்கள் வீட்டுக்குள் முடங்க வேண்டும் என்று சட்டமா இருக்கிறது? எண்ணூர் கழிமுகத்துக்குப் பூநாரைகள் வந்திருப்பதாகக் கேள்விப்பட்டு, மீனவர் தாமோதரனின் படகில் காலையிலேயே கிளம்பிவிட்டார்.

வள்ளூர் அனல்மின் நிலையத்தின் புகைபோக்கிகளுக்கு எதிரே, சேற்றுத்திட்டில் நூற்றுக்கணக்கான பறவைகள் நின்றிருந்தன. அவ்வளவு பெரிய கூட்டத்தைக் கண்டதும், பிரசார வேனில் நின்று பழகிய உடம்பு தானாக எழுந்தது. இரண்டு கைகளும் தலைக்கு மேல் குவிந்தன. படகு ஆடியது. மொத்தக் கூட்டமும் பறந்துபோனது.

"இன்னாக்கா, அதுங்ககிட்டயும் ஓட்டு கேக்குறியா? குந்துக்கா!" என்று கத்தினார் தாமோதரன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை செங்கொடி இரண்டு கைகளையும் தொடைக்கடியில் வைத்து உட்கார்ந்துகொண்டார். பைனாகுலர் கழுத்திலேயே தொங்கியது. பூநாரைகள் தலையைக் கவிழ்த்துச் சேற்றில் மேய்ந்துகொண்டே இருந்தன. ஒன்றுகூட அவரை நிமிர்ந்து பார்க்கவில்லை. அவர் முகமெல்லாம் சிரிப்பு.

"எத்தினி பெரிய கூட்டம், தாமோதரா!" என்று கிசுகிசுத்தார். "ஒருத்தரையும் நாம லாரி வெச்சு இட்டாரல."