நிறுத்திய பக்கம்: பவானி வரை போய்த் திருத்திய சினிமாப் புத்தகப் பட்டியல்

சினிமாக் கோட்பாடும் உலக சினிமா வரலாறும் படிக்க எந்தப் புத்தகத்தில் தொடங்குவது என்று மாதத்துக்கு இரண்டு பேராவது எனக்கு எழுதிக் கேட்கிறார்கள். பட்டியல் போடுவது சுலபம். நானும் ஒரு காலத்தில் மிடுக்காக ஒரு பட்டியல் போட்டு வகையாக மாட்டிக்கொண்டவள். அதிலிருந்து தப்பிக்க 1996 பிப்ரவரியில் ஒரு சனிக்கிழமை, கோவையிலிருந்து பெருந்துறை வழியாகப் பவானி வரை போய் வந்தேன். போக வர ஏறக்குறைய இருநூறு கிலோமீட்டர், ஒரே பகல். இன்றைக்கு நான் யாருக்காவது ஒரு புத்தகத்தைச் சிபாரிசு செய்கிறேன் என்றால், அந்தப் பகலில் கற்றுக்கொண்ட முறையில்தான் செய்கிறேன்.

அப்போது கோவையில் ஒரு பெண்கள் கல்லூரியில் ஆங்கிலம் கற்பித்துக்கொண்டிருந்தேன். வயது இருபத்தேழு, வாய் மட்டும் வயதுக்கு மீறியது. மூன்றாமாண்டு மாணவிகளுக்கு சினிமா பற்றி ஒரு தாள் வைக்க வேண்டும் என்று ஆறு மாதம் நச்சரித்து முதல்வரைச் சம்மதிக்க வைத்திருந்தேன். அவர் ஒரு நிபந்தனை போட்டார். ஒரு வருடம் பார்ப்போம், தேர்ச்சி குறைந்தால் அந்த இடத்தில் கம்ப்யூட்டர் தாள் வந்துவிடும். என் மாணவிகளில் பாதிப்பேர் அன்னூர், சூலூர், பல்லடம் பக்கத்தில் தமிழ்வழியில் படித்துவிட்டு வந்தவர்கள். ஒரு படத்தைப் பற்றிப் பேசவிட்டால் மணி அடித்தாலும் நிறுத்தமாட்டார்கள். தடிமனான ஆங்கிலப் புத்தகத்தைக் கண்டால் வாயே திறக்கமாட்டார்கள். எந்தப் புத்தகத்தைப் பாடமாக வைக்கிறோம் என்பதைப் பொறுத்துத்தான் அந்தத் தாள் பிழைக்கும்.

இதெல்லாம் தெரிந்தும் நான் என்ன செய்தேன்? ஊரில் இருந்த திரைப்படச் சங்கத்தின் பழைய ஜெராக்ஸ் பட்டியல் ஒன்று கையில் இருந்தது. அதிலிருந்த ஏழு புத்தகங்களையும் அப்படியே பாடநூலாக எழுதிக் கொடுத்தேன். துறைத்தலைவி கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார்.

“ஏனுங்க அம்மணி, ஏழும் படிச்சிருக்கீங்களா?”

“படிச்சிருக்கேனுங்க.”

படித்தது ஒன்றரை. ஒன்றை முழுதாக, இன்னொன்றைப் பாதி. மீதி ஐந்தின் அட்டையைக்கூடப் பார்த்ததில்லை. பாடத்திட்டக் குழு திங்கட்கிழமை பதினொரு மணிக்குக் கூடுகிறது, சங்கத்தைத் தொடங்கிய ஓய்வுபெற்ற பேராசிரியர் ஒருவர்தான் வெளி நிபுணர் என்று வியாழக்கிழமை சொன்னார்கள். அவர் கேள்வி கேட்டால் முதல் நிமிடத்திலேயே என் சாயம் வெளுத்துவிடும். தாளும் அத்தோடு போய்விடும்.

சங்கத்துக்கு அப்போது சொந்த இடம் கிடையாது. அறையைக் காலி செய்தபோது புத்தகங்களை உறுப்பினர்கள் ஆளுக்குக் கொஞ்சமாகத் தங்கள் ஊருக்கு எடுத்துப் போயிருந்தார்கள். எனக்கு வேண்டிய ஐந்தில் மூன்று பெருந்துறையில், இரண்டு பவானியில். தபாலில் அனுப்பமாட்டார்கள், நேரில் போய்க் கேட்டு வாங்க வேண்டும் என்பது அவர்கள் விதி.

சனிக்கிழமை காலை ஆறு பத்துக்குக் காந்திபுரத்தில் ஈரோடு பேருந்தைப் பிடித்தேன். பெருந்துறைக்கு எழுபத்தைந்து கிலோமீட்டர், கட்டணம் பதினான்கு ரூபாய் ஐம்பது காசு. முகத்தில் வெயில் அடிக்காமல் போக வேண்டுமென்றால் இடதுபக்க இருக்கை நல்லது. அவிநாசியில் காபி குடிக்க இறங்கலாமா என்று கேட்டதற்கு நடத்துநர், “இறங்குங்க, ஆனா வண்டி இருக்கோணுமுன்னு என்னையக் கேக்கக் கூடாதுங்க” என்றார். இறங்கவில்லை. எட்டு இருபதுக்குப் பெருந்துறை.

அங்கே புத்தகங்களை வைத்திருந்தவர் துரைசாமி. தொழிற்பேட்டையில் ஒரு ஆலையில் மின்பராமரிப்பு மேற்பார்வையாளர், நாற்பது வயது இருக்கும். முதல் ஷிப்ட் ஆட்களை உள்ளே அனுப்பிவிட்டு எனக்காக வீட்டுக்கு வந்திருந்தார். நான் உட்கார்ந்ததும் புத்தகப் பேச்சை எடுத்தேன். அது தப்பு. கொங்கு நாட்டில் பிறந்து வளர்ந்தவள் செய்யக்கூடாத தப்பு.

“மொதல்ல சாப்புடுங்க. புஸ்தகம் எங்கீங்க போயிருது?”

இட்லி வந்தது. மறுபடி இட்லி வந்தது. போதும் என்று இலையை மறைத்த கையின் ஓரமாகத் தோசை வந்தது. அவர் மனைவி, “கோயமுத்தூர்ல இருந்து வந்துபோட்டு அரை வயிறு சாப்புட்டா எப்படீங்க?” என்று வருத்தப்பட்டார். கைகழுவும்போது மணி ஒன்பதரை. இந்தப் பக்கம் யார் வீட்டுக்கும் போகிறவர்கள் இதற்கு ஒரு மணி நேரம் தனியாக ஒதுக்கிக்கொள்ளுங்கள்.

பீரோவைத் திறந்து மூன்று புத்தகங்களை எடுத்து வைத்தார் துரைசாமி. நான் முதலாவதன் முதல் பக்கத்தைப் புரட்டினேன். அவர் அதை வாங்கித் திருப்பிக் கடைசி வெற்றுப் பக்கத்தைக் காட்டினார். பெயர், அதற்கு எதிரே ஒரு எண். பெயர், எண். பக்கம் முழுக்க வெவ்வேறு கையெழுத்து.

“படிச்சு நிறுத்துன பக்கமுங்க. திருப்பிக் குடுக்கறப்ப ஒவ்வொருத்தரும் எழுதிப்போடோணும். முழுசாப் படிச்சிருந்தா ‘முடிந்தது’ன்னு எழுதோணும்.”

“எதுக்குங்க இது?”

“நம்ம ஆளுக யாரு வாயில கேட்டாலும் ‘அருமைங்க’ன்னுதான் சொல்லுவோம். நல்லாயில்லன்னு சொன்னா குடுத்தவங்க மனசு சங்கடப்படுமே. அவரு அருமைன்னாருன்னு அடுத்தவரு வாங்குவாரு, அவருக்கும் ஓடாது, அவரும் அருமைம்பாரு. இப்படியே எட்டு வருசம் போச்சுங்க. பொறவுதான் கண்டுபுடிச்சோம், வாயில வராதது கையில வந்துருதுன்னு.”

எனக்குச் சிரிப்பு வந்தது, மூன்றின் கடைசிப் பக்கத்தையும் வரிசையாகப் புரட்டினேன். கோட்பாட்டுக் கட்டுரைகளின் தொகுப்பு ஒன்று இருந்தது. ஏழு புத்தகங்களில் நான் முதலிடம் கொடுத்திருந்தது அதற்குத்தான். பதினான்கு பேர் எடுத்திருந்தார்கள். இருபத்திரண்டு, பத்தொன்பது, நாற்பது, பதினொன்று என்று எண்கள். ஒரே ஒருவர் தொண்ணூறைத் தொட்டிருந்தார். ஒளியமைப்பும் கேமராவும் பற்றிய கையேட்டில் பாதிக்கு மேல் ‘முடிந்தது’. படத்தொகுப்பு பற்றிய மெல்லிய புத்தகம் இருக்கிறதே, அதில் பதினொரு பேரில் ஒன்பது பேர் முடித்திருந்தார்கள். என் பட்டியலில் அது கடைசி. பட்டியலில் பக்கம் நூறுக்குள் போட்டிருந்ததால் மதிப்புக் குறைவு என்று நினைத்திருந்தேன்.

பத்தே காலுக்குச் சேலம் பேருந்து கிடைத்தது. பவானிக்கு இருபத்தைந்து கிலோமீட்டர், ஐந்து ரூபாய். லட்சுமி நகரில் இறங்கி நகரப் பேருந்தில் ஊருக்குள் போக வேண்டும். வழியில் அந்த மெல்லிய புத்தகத்தைத் திறந்தேன். இரண்டு காட்சித் துண்டுகளை ஒட்டும்போது இரண்டிலும் இல்லாத ஓர் அர்த்தம் பார்ப்பவர் மனதில் பிறக்கிறது என்பதுதான் அதன் அடிப்படை. தலையைத் தூக்கி ஜன்னலைப் பார்த்தேன். ஓர் ஆலையின் மூடிய கதவு போனது. அடுத்த நிறுத்தத்தில் சாப்பாட்டுத் தூக்கோடு ஒரு பெண் நின்றாள். அவளுக்கு வேலை போய்விட்டதோ என்று எனக்குப் பதறியது. அவள் யாரோ, கதவு எதனுடையதோ. இருபது பக்கத்தில் புரிந்த இதை என் மாணவிகளுக்கு ஒரு பேருந்துப் பயணத்தில் புரியவைத்துவிடலாம் என்று அந்த நிமிடமே நிச்சயமாகத் தெரிந்தது.

பவானியில் சகுந்தலா ஜமக்காளக் கடை வைத்திருந்தார். என்னைவிட மூன்று நான்கு வயது கூட இருக்கும். சுருட்டி நிறுத்திய ஜமக்காளங்களுக்கு நடுவே பெஞ்சில் அந்தக் கனமான உலக சினிமா வரலாறு எனக்காகக் காத்திருந்தது. எழுநூற்றுச் சொச்சம் பக்கம். இந்தத் தடவை நானே கடைசிப் பக்கத்தைத் திருப்பினேன். எல்லாரும் நூறுக்குள் நின்றிருந்தார்கள். முதல் பெயரை இரண்டு தடவை படித்தேன். திங்கட்கிழமை வரப்போகும் பேராசிரியர். அவர் பெயருக்கு எதிரே அறுபத்தொன்று. பட்டியலில் ‘இதைப் படிக்காதவர் சினிமா பேசக் கூடாது’ என்று அடிக்குறிப்பு எழுதியவரும் அவர்தான்.

கடைசிப் பெயருக்கு எதிரே மட்டும் ‘முடிந்தது’. சகுந்தலா.

“முழுசும் படிச்சீங்களா?”

“ரெண்டு வருசமாச்சுங்க. மழைக்காலத்துல யாருங்க ஜமக்காளம் வாங்கறாங்க? டிக்சனரிய மடியில வெச்சுட்டு உக்காந்துக்குவேன். மொத நூத்தம்பது பக்கம் வெறும் பேரா அடுக்கியிருக்குதுங்க, அதுலதான் எல்லாரும் கவுந்துட்டாங்க. நீங்க மூணாம் பாகத்துல ஆரம்பிங்க. போருக்குப் பொறவு சனங்க தெருவுல எறங்கிப் படம் புடிச்ச கதை. அது ஓடுமுங்க.”

“இதப் பாடமா வெக்கலாமுங்களா?”

அவர் என்னைப் பார்த்தார். “புள்ளைங்க பாவமுங்க டீச்சர்” என்றார். அதோடு, பல நாட்டு இயக்குநர்களின் பேட்டித் தொகுப்பு ஒன்றையும் கொடுத்தார். அதன் கடைசிப் பக்கத்தில் ஏறக்குறைய எல்லாமே ‘முடிந்தது’.

அங்கேயும் சாப்பாடு. இரண்டு மணிக்குக் கிளம்பி, ஆறு மணிக்குள் கோவை. ஞாயிறு முழுக்கப் படித்தேன். மெல்லியதை முடித்தேன், பேட்டிகளை முடித்தேன், கையேட்டை முக்கால்வாசி. வரலாற்றைச் சகுந்தலா சொன்ன இடத்தில் தொடங்காமல் வீம்புக்கு முதலிலிருந்து படித்தேன். நூற்று நாற்பத்தெட்டில் கவிழ்ந்தேன். பென்சிலை எடுத்து, சகுந்தலா பெயருக்குக் கீழே என் பெயரையும் அந்த எண்ணையும் எழுதினேன்.

புத்தகம் கேட்டு எழுதும் நண்பர்களுக்கு இங்கேயே சொல்லிவிடுகிறேன். படத்தொகுப்பு பற்றி ஏதாவது ஒரு சிறிய புத்தகத்தில் தொடங்குங்கள். அடுத்து இயக்குநர் பேட்டிகள். வரலாற்றை உங்களுக்குப் பிடித்த ஒரு காலத்தில் நுழைந்து முன்னும் பின்னும் போங்கள். கோட்பாட்டுத் தொகுப்பைக் கடைசியில், ஒரு கட்டுரை வீதம். யாராவது ஒரு புத்தகத்தைப் பெரிதாகப் புகழ்ந்தால், எந்தப் பக்கத்தில் நிறுத்தினீர்கள் என்று தயங்காமல் கேளுங்கள். இதற்காக ஊர் ஊராகப் போகிறவர்கள் சனிக்கிழமையைத் தேர்ந்தெடுங்கள், தோள்பை பெரிதாக இருக்கட்டும், காலையில் வெறும் வயிற்றோடு கிளம்புங்கள்.

திங்கட்கிழமை. குழுவில் ஆறு பேர். பேராசிரியர் மெலிந்த, வெள்ளைச் சட்டைக்காரர். நான் முன்பு எழுதிக் கொடுத்த ஏழு புத்தகப் பட்டியலைப் பார்த்துத் திருப்தியாகத் தலையாட்டினார். “உலக சினிமா வரலாறு கட்டாயம் முழுசா வெக்கோணுமுங்க. அது இல்லாம தாளே வேண்டியதில்ல. அம்மணி படிச்சிருக்கறீங்கல்ல?”

புத்தகம் என் மடியில் இருந்தது. கடைசிப் பக்கத்தை மேசையில் விரித்துப் போட்டால் அவர் கதை முடிந்தது. ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் போன வாரம் இதே அறையில் பொய் சொன்னவள் நான்.

“இல்லீங்க சார். நூத்தி நாப்பத்தெட்டு வரைக்கும்தான். எல்லாம் படிச்சேன்னு போன வாரம் சொன்னது பொய்யிங்க.”

துறைத்தலைவியின் முகம் கறுத்தது. நான் நிறுத்தவில்லை. இரண்டு நாளில் படித்ததையும், எதை வைத்தால் பிள்ளைகள் படிப்பார்கள் என்பதையும் சொன்னேன். மூன்று பாடநூல் போதும், வரலாறு நூலகத்தில் இருக்கட்டும், அதில் மூன்றாம் பாகம் மட்டும் என்றேன். பேசி முடித்துவிட்டுப் புத்தகத்தை மூடியபடியே அவர் பக்கம் நகர்த்தினேன்.

அட்டையிலிருந்த சங்க முத்திரையைப் பார்த்ததும் அவருக்குத் தெரிந்துவிட்டது. திறக்கவில்லை. அட்டைமேல் கையை வைத்துக்கொண்டார். பிறகு துறைத்தலைவியிடம், “அந்த அம்மணி சொல்றபடியே வெச்சுக்கலாமுங்க” என்றார். எல்லாரும் கையெழுத்துப் போட்டார்கள். தாள் நிலைத்தது. துறைத்தலைவி என்னோடு ஒரு மாதம் பேசவில்லை, அது நியாயம்தான்.

வெளியே வந்தபோது பேராசிரியர் மரத்தடியில் எனக்காக நின்றுகொண்டிருந்தார்.

“அந்தப் புஸ்தகத்த நான் கொஞ்ச நாள் எடுத்துட்டுப் போலாமுங்களா?”

“பவானிக்கு நேர்ல போய்க் கேக்கோணுமுங்க சார். சங்கத்து விதி.”

கோபித்துக்கொள்வார் என்று நினைத்தேன். அவர் தலையாட்டினார்.

“போறேனுங்க. அறுவத்திரெண்டாம் பக்கத்துல இருந்து படிக்கோணும். இருவது வருசமா எல்லாரையும் படிக்கச் சொன்ன புஸ்தகமுங்க அது.”