பாஸ்கலுக்கு ஒரு நோய் வேண்டியிருந்தது

தூத்துக்குடியிலிருந்து மாலத்தீவுக்குக் காய்கறியும் கருங்கல்லும் ஏற்றிப்போகும் தோணிகளுக்கு முப்பத்தெட்டு வருடம் தலைவராக, அதாவது தண்டலாக, இருந்தவர் பாஸ்கல். தண்டல்களில் சுமாரானவர். அவரைக் கேட்டால் வேறு சொல்வார்.

2020இல், மாலத்தீவின் தலைநகர் மாலேயில் வேலை பார்க்கும் மகன் ஜெரால்டைப் பார்க்க, மனைவி பிலோமியோடு முதல்முறையாக விமானத்தில் போனார். பதினைந்து நாள் விருந்து, ஊரடங்கால் மூன்று மாதமானது. ஊரில் மகள் ரீனாவுக்குப் பிரசவ நாள் நெருங்கிக்கொண்டிருந்தது.

சிக்கியிருப்பவர்களை ஊர் சேர்க்க இந்தியக் கடற்படைக் கப்பல் வருவதாகவும் நோயாளிகளுக்கே முதலிடம் என்றும் செய்தி வந்தது. பெயர் பதிந்ததும் அதிகாரி ஒருவர் போனில் விசாரித்தார்.

"உடம்புக்கு ஏதாவது உண்டா?"

"ஒண்ணுமில்ல சார். கல்லு மாதிரி இருக்கேன்."

பத்து வருடமாக ரத்த அழுத்தத்துக்கு மாத்திரை விழுங்குகிறவர் அவர். ஆனால் கடலுக்குப் போகும் தகுதிச் சான்றுக்காக வருடந்தோறும் டாக்டரிடம் மறைத்துப் பழகிய வாய். உண்மை சொல்ல வேண்டிய நாளிலும் பழக்கம் முந்திக்கொண்டது. முதல் கப்பலில் அவர்களுக்கு இடமில்லை.

"கல்லுக்கு எதுக்குக் கப்பல்? இங்கனயே கெடக்க வேண்டியதுதான்" என்றாள் பிலோமி.

"ஏளா, ஒரு தோணி மட்டும் கெடைக்கட்டும். மூணு நாள்ல ரீனாகிட்ட சேத்துருவேன்."

"ஆமா, நீரு சேத்துட்டாலும்!"

அடுத்த கப்பலுக்கு மருத்துவச் சான்று கேட்டார்கள். ஜெரால்டு ஒரு மலையாள டாக்டரிடம் கூட்டிப்போனான். அங்கும் பாஸ்கல் பழைய வித்தையை மறக்கவில்லை: கையில் ரத்த அழுத்தப் பட்டையைச் சுற்றியதும் கண்ணை மூடி, மூச்சை மெல்ல விட்டு, மனதுக்குள் ஜெபமாலை சொன்னார்.

"நார்மல்தான்" என்றார் டாக்டர். பாஸ்கல் வெற்றியோடு நிமிர்ந்தார்.

பிலோமி நாற்காலியை இழுத்துப் போட்டாள். "டாக்டர், ஒரு விஷயம். மணப்பாட்டுக்கிட்ட மணல் திட்டுல தோணிய ஏத்துனது இவருதான். பழி மட்டும் சுக்கான் பிடிச்சவனுக்கு!"

"பொய்! காத்து திரும்பிருச்சு!" பாஸ்கல் எழுந்தே விட்டார்.

"நீரு தூங்கிருக்கீரு."

"யாரு தூங்குனா? யாருளா சொன்னா?"

டாக்டர் சத்தமில்லாமல் மறுபடி பட்டையின் காற்றுப் பந்தை அமுக்கினார். நூற்றுத்தொண்ணூறு.

சான்று கிடைத்தது, இடமும் கிடைத்தது. கப்பலில் பாஸ்கல் மனைவியோடு ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. தூத்துக்குடியில் இறங்கி, தனிமைப்படுத்தலுக்கு விட்ட விடுதி அறையிலும் பேசவில்லை. ஐந்தாம் நாள், இரண்டு தெரு தள்ளியிருந்த ஆஸ்பத்திரியில் ரீனாவுக்குப் பெண் பிறந்தது. பிலோமி போனில் பிள்ளையைப் பார்த்து அழுதாள்.

"ஏளா, போன நேராப் பிடி" என்றார் பாஸ்கல். "எனக்கு உன் கைதான் தெரியுது."